மச்சாது நுரையீரல்

காலையில் ஆய்வு நிலையத்துக்கு வந்ததும் ஜெசிந்தா மச்சாது பார்க்கிற முதல் வேலை, இறந்துபோன தன் அப்பாவை மூச்சு விட வைப்பது.

இப்படிச் சொன்னால் ஏதோ பெரிய காரியம் போலத் தெரியும். உண்மையில் அது தினசரிச் சோதனை, அவ்வளவுதான். திரையில் ஒரு பச்சைக் கோடு மெதுவாக மேலேறும். உச்சிக்குப் போனதும், கதவைப் பூட்டினோமா என்று யோசிப்பவரைப் போல ஒரு கணம் நிற்கும். பிறகு அவசரமில்லாமல் இறங்கும். கோடு ஒழுங்காக ஏறி இறங்கினால் கோப்பு பழுதாகவில்லை என்று அர்த்தம். அவள் ஒரு பொத்தானைத் தட்டுவாள். அன்று முழுக்க மாநிலத்தில் எங்கெங்கோ உள்ள கணினிகள் அந்தக் கோப்பை எடுத்துப் பயன்படுத்திக்கொள்ளும். கோடு ஏறி இறங்குகிற நேரத்தில் ஜெசிந்தா தன் டீயைக் குடித்து முடித்திருப்பாள்.

அப்பா சில்வேரியுஸ் இறந்து இரண்டு வருஷமாகிறது. அடக்கத்தன்று அவளுக்கு அழுகை வரவில்லை. சித்திமார் தங்களுக்குள் ஏதோ பேசிக்கொண்டார்கள். பிறகு வரும் என்று அவளும் காத்திருந்தாள். அதுவும் ஒரு பழக்கமாகிவிட்டது.

அவருடைய நுரையீரல் கோப்புக்குள் போனது ஒரு தற்செயல். நிலையம் தூத்துக்குடி புறவழிச்சாலையோரம் தகரக் கொட்டகையில் ஆரம்பித்த காலம். மனித உடலைப் போலவே நடந்துகொள்ளும் ஒரு கணினி உடலை உருவாக்க வேண்டும் என்பது இயக்குநர் பாலகுமரேசனின் திட்டம். மூச்சை அளக்கும் கருவி வந்து இறங்கிவிட்டது. அளப்பதற்கு ஆள் இல்லை. அலுவலகத்தில் இருந்த மூன்று ஆண்களில் ஒருவருக்கு ஆஸ்துமா, மற்ற இருவரும் சிகரெட். கண் ஆபரேஷனுக்காக மகள் வீட்டுக்கு வந்திருந்த சில்வேரியுஸைக் கூட்டிவந்து, முகமூடி மாட்டி, நகராத சைக்கிளில் உட்காரவைத்து மிதிக்கச் சொன்னார்கள். "எந்த ஊருக்குப் போறோம்?" என்று அவர் கேட்டார். எல்லோரும் சிரித்தார்கள்.

"இப்போதைக்கு இவரை வச்சு ஓட்டுவோம். அப்புறம் மாத்திக்கலாம்" என்றார் பாலகுமரேசன்.

அந்த நிலையத்தில் 'இப்போதைக்கு' என்று வைக்கப்பட்டதற்குத்தான் ஆயுசு கெட்டி. ஏசிக்கு அடியில் முட்டுக் கொடுத்த ஸ்டூல் இன்னும் அங்கேயே இருக்கிறது. பின்னால் ஆயிரக்கணக்கான பேரின் அளவுகளைச் சேகரித்து அந்த நுரையீரலின் மேல் ஏற்றினார்கள். கொள்ளளவு, வயது, உயரம் எல்லாவற்றையும் திருத்தினார்கள். அடியில் இருந்த ஆளை மட்டும் யாரும் மாற்றவில்லை. ஆவணத்தில் அவர் 'ஆண், ஐம்பத்தைந்து, மீனவர், ஆரோக்கியமானவர்'. அலுவலகத்தில், குடும்பப் பெயரை வைத்து, மச்சாது நுரையீரல். "மச்சாது இன்னைக்கு எப்படி?" என்று தாழ்வாரத்தில் கேட்பார்கள். "மூச்சு விடுதாரு" என்பாள் அவள்.

பிறகு அந்தச் சட்டம் வந்தது. அபாயமான தொழில்களுக்கு இனி அதிகாரிகள் நேரில் போய்த் தூசியை அளக்க வேண்டியதில்லை. தொழிலாளியின் நெஞ்சைப் படம் எடுக்க வேண்டியதில்லை. இயந்திரத்தின் விவரத்தைத் தொழில் பாதுகாப்பு வாரியத்தின் கணினியில் கொடுத்தால் போதும். கணினிக்குள் ஒரு தொழிலாளி முப்பது வருஷம் அந்த வேலையைச் செய்வான். நமக்கு அது நாலு நிமிஷம். முடிவில் அவன் நுரையீரல் தாங்கியிருந்தால் தொழிலுக்கு அனுமதி. செலவு மிச்சம், லஞ்சம் இல்லை, யாரும் சாக வேண்டியதும் இல்லை என்று பத்திரிகைகள் பாராட்டின. இதைப் பார்த்து மருத்துவமனைகள், தீயணைப்புத் துறை, சுரங்கப்பாதை போடுகிறவர்கள் என்று ஒவ்வொருவராக வந்தார்கள். ஆளுக்கொரு மென்பொருள் எழுதிக்கொண்டார்கள். நுரையீரலை மட்டும் யாரும் எழுதவில்லை. நிலையத்தில்தான் ஒன்று இருக்கிறதே.

முத்துப்பேச்சி வந்தது ஒரு புதன்கிழமை. கடையநல்லூர்ப் பக்கத்திலிருந்து பஸ் மாறி மாறி வந்திருந்தாள். நாற்பது வயதிருக்கும். வாசலில் செக்யூரிட்டியிடம் அவள் சத்தம் போட்டுக்கொண்டிருந்தது மாடிவரை கேட்டது.

"நுரையீரலைப் பாக்கணும்னா ஆஸ்பத்திரிக்குப் போ தாயி. இங்க எதுக்கு வந்து நிக்க?"

"ஆஸ்பத்திரியிலதான்வே நாலு மாசமா கெடக்கேன். வாரியத்துல சொன்னாவ, நுரையீரல் இங்கதான் இருக்குன்னு. அதைக் காட்டச் சொல்லும், போயிருதேன்."

ஜெசிந்தா இறங்கிப்போய் அவளைக் கூட்டிவந்தாள். மற்றவர்கள் கூட்டத்தில் இருந்ததைத் தவிர அதற்குத் தனிக் காரணம் எதுவும் இல்லை.

முத்துப்பேச்சியின் கணவன் சுடலையாண்டி கல் உடைக்கும் கிரஷரில் ஜல்லி அள்ளிக்கொண்டிருந்தவன். நெஞ்சு சிமெண்ட் மாதிரி இறுகிவிட்டது என்று டாக்டர் சொல்லியிருந்தார். தூசிதான் காரணம் என்று எழுதித்தர மட்டும் அவருக்கு அதிகாரம் இல்லை. அதை வாரியத்தின் கணினி சொல்ல வேண்டும். அந்தக் கிரஷரில் முப்பது வருஷம் வேலை பார்த்தாலும் நுரையீரலுக்கு ஒன்றும் ஆகாது, பீடியாக இருக்கும் என்று கணினி சொல்லிவிட்டது.

"அவிய பீடியே தொட்டதில்ல மேடம். இப்ப அதே எடத்துல இன்னும் ரெண்டு மிஷின் எறக்கப்போறாவளாம். மாசக் கடைசியில வாரியம் கூடி உத்தரவு போடுதாம். எங்க தெருவுல பாதிப் பேரு அங்கதான் போறான். எந்தம்பியும் போறான். இவியளுக்கு ஆனது ஆச்சு. தம்பிக்கும் அப்படி ஆகணுமா?"

"எங்க வேலை நுரையீரலைக் குடுக்குறதோட சரிம்மா. முடிவு சொல்றது வாரியம்."

"குடுக்குததுன்னா?"

ஜெசிந்தா யோசித்தாள். "அவங்கவங்க ஒரு மென்பொருள் வச்சிருக்காங்க. எல்லாத்துக்கும் நுரையீரல் வேணும். ஆளாளுக்கு ஒண்ணு செய்யாம, பொதுவா ஒரு கோப்பு இங்க இருக்கு. வேணும்கிறப்ப எடுத்துக்கிடுவாங்க."

"எங்க ஊர்க் கோயில் அண்டா மாதிரியா? யாரு வீட்டு விசேசம்னாலும் அதுலதான் சோறு பொங்கணும்."

"அதே மாதிரிதான்."

"சரி. எங்க கோயில் அண்டாவுக்கு ஈயம் பூசலன்னா எல்லா வீட்டுச் சோறும்லா கைச்சுப்போவும்? அதைப் பாப்பியளா?"

"தினமும் காலையில பாக்கேன்."

"அது யாரோட நுரையீரல்?"

"யாரோடதும் இல்ல. கணக்கு" என்றாள் ஜெசிந்தா. பொய் சொல்கிறோம் என்று தோன்றவில்லை. அலுவலகத்தில் எல்லோரும் அப்படித்தான் சொல்வார்கள்.

முத்துப்பேச்சி தன் போனை எடுத்து ஒரு வீடியோவைக் காட்டினாள். அவன் படுக்கையில் விழுவதற்கு முன், தூசி எவ்வளவு என்று காட்டுவதற்காக எடுத்தது. வெள்ளைப் புழுதிக்குள் சுடலையாண்டி மண்வெட்டியால் அள்ளிப் போட்டுக்கொண்டிருந்தான். வாய் திறந்திருந்தது. தோள்கள் தூக்கித் தூக்கிப் போட்டன. ஒரு மூச்சு முடிவதற்குள் அடுத்த மூச்சு.

"வேகமா வேலை செய்யுதாரே" என்றாள் ஜெசிந்தா, எதையாவது சொல்ல வேண்டும் என்று.

"மிஷின் வேகத்துக்கு அள்ளணும்லா."

அவளை அனுப்பிவிட்டு ஜெசிந்தா அந்தக் கிரஷரின் விவரங்களைப் போட்டுத் தன் கணினியில் ஓட்டிப்பார்த்தாள். வேலையின் கடுமை கூடக் கூட மூச்சு எப்படிப் போகிறது என்பதை மட்டும் தனியே வரைய வைத்தாள். மண்வெட்டி வேகமெடுத்தது. பச்சைக் கோடு நிதானப்பட்டது. வேகம் இன்னும் கூடியது. கோடு உச்சியில் போய் நின்றது, நின்றுகொண்டே இருந்தது, பிறகு கொஞ்சமாக இறங்கியது.

அவளுக்கு இது தெரியும். சிறு பிள்ளையாக வள்ளத்தில் உட்கார்ந்து பார்த்திருக்கிறாள். சில்வேரியுஸ் மீன் பிடித்ததே கிடையாது. அவர் சங்கு குளிப்பவர். காற்றுக் குழாய் வருவதற்கு முந்தின ஆட்கள், மூச்சைப் பிடித்துக்கொண்டே கடலடிக்குப் போய்ச் சங்கு பொறுக்கி வருவார்கள். அடியில் வேலை கடுமையாகும்போது அவர்கள் உடம்பு மூச்சைக் கூட்டாது, குறைக்கும். இருபது முப்பது வருஷம் அப்படியே வாழ்ந்த நுரையீரல் கரைக்கு வந்த பிறகும் அதை மறக்காது. சைக்கிள் மிதித்த அன்றும் அவர் அப்படித்தான் மிதித்தார். பெரியவருக்கு நல்ல தெம்பு என்று ஆவணத்தில் 'ஆரோக்கியமானவர்' என்று எழுதிக்கொண்டார்கள்.

ஆக, மாநிலத்தில் எந்தக் குவாரியில் எவ்வளவு தூசி பறந்தாலும், கணினிக்குள் இருக்கும் தொழிலாளி வேலை கடுமையானதும் மூச்சை அடக்கிக்கொள்கிறான். தூசி அவனுக்கு வெளியிலேயே நிற்கிறது. அவன் முப்பது வருஷம் ஜல்லி அள்ளிவிட்டு முழு நெஞ்சோடு வீட்டுக்குப் போகிறான்.

அவள் திரையை அணைத்தாள். டிபன் பாக்ஸைத் திறந்து சாப்பிட்டாள். என்ன சாப்பிட்டோம் என்று பிறகு நினைவில்லை.

பாலகுமரேசன் வரைபடத்தை வெகுநேரம் பார்த்தார்.

"இது உங்களுக்கு எப்ப தெரியும், ஜெசி?"

"நேத்து சார்."

"சங்கு குளிச்சாருன்னு?"

"அது எப்பவும் தெரியும். யாரும் கேக்கல. எனக்கும் தோணல."

"ம்." அவர் கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தார். "இது மேல ஒன்பது வருஷம் நிக்குது. மயக்க மருந்து அளவு, தீயணைப்புக்காரங்க முகமூடி, சுரங்கப்பாதைக் காத்தாடி. இது தப்புன்னு சொன்னா இதை நம்பிச் சொன்ன பதில் அத்தனையும் தப்பு."

"அங்கெல்லாமும் தப்பாத்தான சார் இருக்கும்?"

"இருக்கும். அதான் சொல்றேன்."

ஸ்டூலின் மேல் ஏசி உறுமியது.

"கிரஷருக்கு மட்டும் இப்போதைக்கு வேற ஒண்ணு குடுத்திரலாமா?"

"இப்போதைக்கா சார்?"

பாலகுமரேசன் சிரித்துவிட்டார். சிரிப்பு சீக்கிரம் நின்றுபோனது. "சரி. மாத்துங்க. நான் கையெழுத்துப் போடுறேன். எனக்கும் ஓய்வுக்கு ரொம்ப நாள் இல்ல, திட்டு வாங்கிட்டுப் போறேன். ஆனா ஒரு வாரம் முன்னாடியே எல்லாருக்கும் தகவல் போயிரணும். பொதுவுல உள்ள பொருள்ல சொல்லாம கொள்ளாம கைவைக்கிறது நம்ம வழக்கம் இல்ல."

"தெரியும் சார்."

அவள் எழுந்தபோது அவர் தயங்கினார். "உங்களுக்கு... பரவாயில்லையா?"

"என்னது சார்?"

"இல்ல, அப்பாவோட..."

"அது கோப்பு சார்" என்றாள் ஜெசிந்தா.

அன்றே தகவல் போனது. நுரையீரல் கோப்பில் பிழை கண்டுபிடிக்கப்பட்டுள்ளது, இன்ன தேதியில் புதிய கோப்பு வைக்கப்படும், விடைகள் மாறக்கூடும் என்று நாலு வரி. எந்தத் துறையிலிருந்தும் எதிர்ப்பு வரவில்லை. தகவலுக்கு நன்றி என்று எல்லோரும் பதில் போட்டிருந்தார்கள். சண்டைக்குத் தயாராக இருந்த பாலகுமரேசனுக்கே ஆச்சரியம். "பாத்தீங்களா? நாமதான் தேவையில்லாம பயந்திருக்கோம்" என்றார்.

புதிய நுரையீரலைச் செய்வது கடினமாக இல்லை. அளவுகள் ஏற்கெனவே இருந்தன. அடியில் ஒருவரை வைத்து மற்றவர்களை மேலே ஏற்றுவதற்குப் பதிலாக, எல்லோரையும் கலந்து ஒருவரைச் செய்தாள். அந்த ஒருவர் எங்கும் பிறந்தவர் இல்லை. அவருடைய கோடு ஏறியது, இறங்கியது, உச்சியில் நிற்கவில்லை. மண்வெட்டி வேகமெடுத்தபோது கோடு பற்கள் போல நெருங்கி நெருங்கி வந்தது. சுடலையாண்டியின் கிரஷரில் அந்த ஆள் ஆறாவது வருஷமே படுத்துவிட்டார்.

மாற்றும் நாளன்று காலையில் வழக்கமான சோதனையை ஓட்டினாள். கோடு ஏறியது, நின்றது, இறங்கியது. டீ வந்தது. ஒரே பெயரில் இரண்டு கோப்புகள் இருந்தால் குழப்பம் என்பதால் பழையதை அழித்துவிடுவது நிலையத்தின் விதி. ஒரு நகல் எடுத்து வீட்டுக்குக் கொண்டுபோகலாம் என்று தோன்றியது. கொண்டுபோய் என்ன செய்வது? ராத்திரி உட்கார்ந்து பார்ப்பதா? அழித்தாள். டீ சூடாக இருந்ததா ஆறியிருந்ததா என்று கேட்டிருந்தால் அவளுக்குச் சொல்லத் தெரிந்திருக்காது.

முத்துப்பேச்சிக்குப் போன் செய்தாள்.

"மாத்தியாச்சு. இப்ப அந்தக் கிரஷருக்கு அனுமதி கிடைக்காது. நானே ஓட்டிப் பாத்துட்டேன்."

"எக்கா, நீங்க நல்லா இருப்பிய" என்றாள் முத்துப்பேச்சி. பின்னால் யாரோ இருமுவது கேட்டது. நீளமான இருமல். அது முடியும்வரை ஜெசிந்தா போனை வைக்கவில்லை.

வாரியம் கூடியது. இரண்டு புதிய இயந்திரங்களுக்கும் அனுமதி கொடுத்தது.

மறுநாள் முத்துப்பேச்சி நிலையத்து வாசலில் நின்றாள். இந்த முறை செக்யூரிட்டியிடம் சத்தம் போடவில்லை.

"நீங்க மாத்தலியாக்கா?"

"மாத்தினேன்."

"அப்பொறம் எப்படி?"

"தெரியல. வாங்க, போய்க் கேப்போம்."

ஒரே பஸ்ஸில் திருநெல்வேலிக்குப் போனார்கள். முத்துப்பேச்சி ஜன்னலோரம். இரண்டு பேருக்கும் சேர்த்து அவள்தான் டிக்கெட் எடுத்தாள், தடுத்தும் கேட்கவில்லை. வாரியக் கட்டடத்தில் மாடிக்கு அனுமதி ஒருவருக்குத்தான். முத்துப்பேச்சி கீழே பெஞ்சில் உட்கார்ந்துகொண்டாள்.

மேலே இருந்த அதிகாரியின் பெயர் கார்முகிலன். முப்பதுக்குள் இருக்கும். ஜெசிந்தா யார் என்று தெரிந்ததும் எழுந்து நின்றுவிட்டான்.

"மேடம், நீங்களே வந்திருக்கீங்க! உக்காருங்க. உங்களுக்கு நேர்ல நன்றி சொல்லணும்னு நினைச்சேன்."

"எதுக்கு?"

"முன்னாடியே தகவல் போட்டீங்களே, அதுக்குத்தான். மத்த இடத்துல எல்லாம் சொல்லாம மாத்திட்டு நம்மள சாகடிப்பாங்க மேடம். நீங்க சொன்னதுனால நாங்க தப்பிச்சோம். புதுசைப் போட்டு ஓட்டிப் பாத்தேன். எண் எல்லாம் ஆடிப்போச்சு. ஏற்கெனவே அனுமதி குடுத்த குவாரியெல்லாம் சிவப்புல வருது. போன வருஷம் சரின்னு எழுதினதை இந்த வருஷம் தப்புன்னு எழுதினா கோர்ட்ல நம்மளத்தான நிக்க வைப்பாங்க?"

"அதனால?"

"அதனால நீங்க அழிக்கிறதுக்கு முன்னாடியே பழையதை ஒரு நகல் எடுத்து, எங்க மென்பொருளுக்குப் பக்கத்துலயே வச்சிட்டேன். அது முதல்ல பக்கத்துல என்ன இருக்குன்னுதான் பாக்கும். அங்க கிடைச்சிருச்சுன்னா உங்ககிட்ட வராது. எல்லாரும் அதான் பண்ணியிருக்காங்க. ஆஸ்பத்திரி, தீயணைப்பு, எல்லாரும். எனக்கே ஒரு டாக்டர்தான் போன்ல சொல்லிக்குடுத்தாரு." அவனுக்குத் தன் சமர்த்தில் பெருமை இருந்தது. "புதுசையும் நிச்சயம் பயன்படுத்துவோம் மேடம். இது இப்போதைக்குத்தான்."

அப்படியானால் தினமும் காலையில் அவள் திறந்துவைக்கிற புதிய கோப்பை யாரும் எடுப்பதில்லை. யாரும் எடுக்காத ஒன்றைச் சோதித்துச் சோதித்து, சரி, சரி என்று தட்டிக்கொண்டிருந்திருக்கிறாள். பழையது ஒரு இடத்தில் இருந்தது, அவள் கைக்கு எட்டுகிற இடத்தில். இப்போது அது எத்தனை இடத்தில் இருக்கிறது என்று அவளுக்கே தெரியாது.

"அது தப்பான நுரையீரல், தம்பி" என்றாள்.

"தெரியும் மேடம். படிச்சேன். ஆனா மாறாம இருக்கே" என்றான் கார்முகிலன். குரலில் மரியாதை குறையவில்லை. "பாக்குறீங்களா? அப்படியே இருக்கு, ஒரு புள்ளி மாறல."

திரையைத் திருப்பிவைத்து ஒரு பொத்தானைத் தட்டினான். பச்சைக் கோடு மெதுவாக மேலேறியது. உச்சியில், பூட்டினோமா என்று யோசிப்பவரைப் போல ஒரு கணம் நின்றது. அவசரமில்லாமல் இறங்கியது.

ஜெசிந்தா பார்த்துக்கொண்டே இருந்தாள். நெஞ்சுக்குள் ஏதாவது அசைகிறதா என்று காத்துப் பார்த்தாள். இல்லை.

"டீ சொல்லட்டுமா மேடம்?"

"சொல்லுங்க." பிறகு, "ரெண்டு" என்றாள். "கீழ பெஞ்சுல ஒருத்தங்க உக்காந்திருக்காங்க. அவங்களை மேல விடச் சொல்லுங்க. இதைப் பாக்கணும்னு ரொம்ப நாளா கேட்டாங்க."

முத்துப்பேச்சி வந்தாள். நாற்காலியில் உட்காராமல் நின்றபடியே திரையைப் பார்த்தாள். கோடு ஏறி, நின்று, இறங்கியது. மறுபடி ஏறியது.

"இதுதானா?"

"இதுதான்."

"யாருக்கா இது?"

"எங்க அப்பா" என்றாள் ஜெசிந்தா.

முத்துப்பேச்சி அவளைத் திரும்பிப் பார்த்தாள். கோபப்படுவாள், கத்துவாள் என்று ஜெசிந்தா எதிர்பார்த்தாள். கத்தியிருந்தால் நன்றாகக்கூட இருந்திருக்கும். முத்துப்பேச்சி மறுபடி திரையின் பக்கம் திரும்பி, கோடு உச்சிக்குப் போய் நிற்பதையும், நின்று இறங்குவதையும் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தாள். படுத்துக்கிடக்கும் ஆளின் மார்பைப் பார்க்கிற பார்வை அது. அவளுக்குப் பழகிப்போன பார்வை.

"ஒரு எளைப்பு இல்ல, இருமல் இல்ல" என்றாள் கடைசியில். "அப்பா நல்லா இருக்காவளாக்கா?"

டீ வந்தது.